கிராம சபைத் தீர்மானமும் நாளிதழ்ச் செய்தியும்: குமரி மாவட்டத்தில் எதை எண்ணுவது, எப்படி எண்ணுவது?

#1 பழையாறு

ஆய்வுக் கேள்வி இது: குமரி மாவட்டக் கிராம சபைகளில் மக்கள் வைக்கிற கோரிக்கைகளில் எவை நாளிதழில் வருகின்றன, எவை தீர்மானப் புத்தகத்தோடு நின்றுவிடுகின்றன? செய்தியாக வந்தால் வேலை சீக்கிரம் நடக்கிறதா?

இப்போதைய திட்டம்: மாவட்டத்தின் 95 ஊராட்சிகளில் 12. நாகர்கோவில் பதிப்பு உள்ள மூன்று நாளிதழ்கள் (தினத்தந்தி, தினமலர், தினகரன்). 2017 முதல் 2025 வரை எல்லாக் கிராம சபைகளும். செய்திகளை எண்ணி, தீர்மானங்களை எண்ணி, இரண்டையும் ஒப்பிடுவது.

காலம், மாதிரி, குறியீட்டுப் பட்டியல் (எதை எந்த வகையில் குறிப்பது என்பது) மூன்றிலும் ஓட்டை இருந்தால் சொல்லுங்கள். களத்தில் இறங்கிய பிறகு தெரிந்து பயனில்லை.

#2 மேல்புறம்

முதல் ஓட்டை காலத்தில்தான் இருக்கிறது. 2017 முதல் 2025 வரை ஒரே துணியாக வெட்ட முடியாது. முந்தைய உள்ளாட்சிப் பிரதிநிதிகளின் பதவிக்காலம் 2016 அக்டோபரில் முடிந்தது, தேர்தல் நடக்கவில்லை. 2019 டிசம்பரில் ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடந்து 2020 ஜனவரியில் புதியவர்கள் பொறுப்பேற்கும்வரை தனி அலுவலர் ஆட்சி. அவர்களுடைய காலமும் 2025 ஜனவரி 5-ல் முடிந்து மறுபடி தனி அலுவலர். தலைவர் உள்ள ஊராட்சியின் தீர்மானமும் தனி அலுவலர் கையொப்பமிட்ட தீர்மானமும் ஒரே வகைப் பொருள் அல்ல. கேட்கிற ஆள் வேறு, பதில் சொல்லக் கடமைப்பட்ட ஆள் வேறு.

ஒக்கி புயல் 2017 நவம்பர் 30-ல் அடித்தபோது இந்த மாவட்டத்தில் தேர்ந்தெடுக்கப்பட்ட உள்ளாட்சி ஒன்றுகூட இல்லை என்பதைப் பல கட்டுரைகள் கவனிக்காமலே கடந்துபோகின்றன. கரையோர மக்கள் ஏன் நேரே ஆட்சியரிடமும் சாலைக்கும் ரயில் தண்டவாளத்துக்கும் போனார்கள் என்று விளக்குகிறவர்கள் இந்த ஒரு விவரத்தை முதலில் வைக்க வேண்டும்.

இன்னொன்று. கிராம சபை முன்பு ஆண்டுக்கு நான்கு: ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2. மார்ச் 22-ம் நவம்பர் 1-ம் சேர்த்து ஆறாக்கும் அறிவிப்பு வந்தது 2022-ல்தான். ஆகவே கூட்ட எண்ணிக்கையை ஆண்டுவாரியாக வரைந்தால் 2022-க்குப் பிறகு கோடு தானாக மேலே ஏறும். அதை 'மக்கள் பங்கேற்பு வளர்ந்தது' என்று வாசித்துவிடக் கூடாது.

2022 நவம்பர் 1 முதல் 2024 அக்டோபர் 2 வரை எடுங்கள். தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம், ஆறு கூட்ட முறை, கொரோனா கட்டுப்பாடு இல்லாத காலம் மூன்றும் ஒத்துவருகிறது. இதற்குள் விதிக்கப்பட்ட நாட்கள் 12. அவற்றில் 2024 மார்ச் 22-ம் மே 1-ம் நாடாளுமன்றத் தேர்தல் நடத்தை விதிக்குள் விழுகின்றன, ஏனென்றால் விதி 2024 மார்ச் 16 முதலே அமலில் இருந்தது. மீதி 10. பதிவேட்டில் அந்த இரண்டு நாளுக்கும் பக்கம் இல்லை என்றால் 'ஆவணம் காணவில்லை' என்று குறிக்காதீர்கள். 'தேர்தல் நடத்தை விதியால் நடக்கவில்லை' என்பதற்குத் தனிக் குறியீடு வேண்டும்.

#3 வள்ளியாறு

நாளிதழ் மாதிரி பற்றி மட்டும் சொல்கிறேன்.

ஓர் ஆண்டுக்கு 14 நாள் இதழ் எடுத்தால் போதும் என்பது நாளிதழ் உள்ளடக்க ஆய்வில் பழகிய அளவு. ஆனால் 365 நாளிலிருந்து சீட்டுக் குலுக்கி 14 எடுப்பது அல்ல. இரண்டு திங்கள், இரண்டு செவ்வாய், இரண்டு புதன் என்று கிழமைவாரியாகக் குலுக்கி, இரண்டு முழு வாரங்களைக் கட்ட வேண்டும்.

நம் மாவட்டத்தில் கிழமைக்கு இருக்கிற கனம் அதிகம். திங்கள்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர்க்கும் நாள். மனுவோடு வந்தவர்கள், காலிக்குடத்தோடு வந்தவர்கள் எல்லாரும் செவ்வாய் இதழில் வருவார்கள். கிழமை பார்க்காமல் குலுக்கினால் ஒரு செவ்வாய்கூட மாதிரியில் விழாமல் போக ஏறக்குறைய ஒன்பதில் ஒரு வாய்ப்பு உண்டு. அப்படி விழுந்த மாதிரியில் 'குமரி நாளிதழ்களில் மனுச் செய்திகள் அரிது' என்று முடிவு எழுதுவீர்கள், அது தப்பு. விவசாயிகள் குறைதீர்க்கும் நாளும் மீனவர் குறைதீர்க்கும் நாளும் மாதக் கணக்கில் வருபவை. அவற்றின் தேதிகளைத் தனியாகக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.

கட்டிய வாரங்கள் பொதுவான அளவைத் தரும். கிராம சபைச் செய்தி அதில் சிக்கிக்கொள்ளும் என்று நம்ப முடியாது. அதற்கு ஒவ்வொரு கூட்ட நாளுக்கும் முன் 7 நாள், பின் 7 நாள், கூட்ட நாள் ஆக 15 நாள் இதழை முழுதாகப் பாருங்கள். 10 கூட்டம், 3 நாளிதழ்: 450 இதழ்கள். ஓர் இதழில் மாவட்டச் செய்தி மட்டும் புரட்டிக் குறிக்க 20 நிமிடம் என்று வைத்தால் 150 மணி நேரம். இரண்டு பேர் செய்தால் ஒரு மாத வேலை.

இரண்டு மாதிரிகளின் எண்களையும் ஒரே அட்டவணையில் கூட்டிவிடாதீர்கள். ஒன்று வாய்ப்பு மாதிரி, மற்றது நோக்கத்தோடு எடுத்தது. சதவீதம் தனித்தனியாகத்தான் வர வேண்டும்.

கிராம சபை நாட்களில் பாதிக்கு மேல் அரசு விடுமுறை. விடுமுறைக்கு மறுநாள் அச்சு வராத நாளிதழும் உண்டு, வருகிற நாளிதழும் உண்டு. எந்த நாளிதழுக்கு எந்த நாள் இதழ் இல்லை என்ற பட்டியலை முதலில் போட்டுவிடுங்கள். இல்லையென்றால் 'செய்தி போடவில்லை' என்பதும் 'இதழே வரவில்லை' என்பதும் ஒரே பூஜ்ஜியமாகிவிடும்.

#4 தோவாளை

தீர்மானப் புத்தகத்தைப் பார்க்காதவர்களுக்கு அதன் மேல் நம்பிக்கை அதிகம். ஒரு பக்கத்தை உதாரணத்துக்கு விரித்துப் பார்ப்போம்.

மேலே ஊராட்சியின் பெயர், கூட்ட நாள், இடம், தலைமை. அதற்குக் கீழே பொருள் எண் போட்டுத் தீர்மானங்கள். முதல் பல பொருள்கள் எல்லா ஊராட்சியிலும் ஒரே வாசகத்தில் இருக்கும்: கொசு ஒழிப்பு, மழைநீர் சேகரிப்பு, பிளாஸ்டிக் தடுப்பு, வரவு செலவு ஒப்புதல், வேலை உறுதித் திட்டம். மேலிடத்திலிருந்து அனுப்பிய கூட்டப் பொருள் அப்படியே இறங்கியிருக்கிறது. 'விவாதிக்கப்பட்டு ஏகமனதாக நிறைவேற்றப்பட்டது' என்று ஒவ்வொன்றும் முடியும். மக்கள் எழுந்து நின்று கேட்டது கடைசியில் 'இதர பொருள்' என்ற தலைப்பின் கீழ் இரண்டு வரியில் சுருங்கிக் கிடக்கும். சில புத்தகங்களில் அதுவும் இராது.

எனவே தீர்மானங்களை எண்ணினால் நீங்கள் எண்ணுவது சுற்றறிக்கையை. 12 ஊராட்சியிலும் ஒரே வாசகத்தில் வருகிற பொருள்களை முதலில் கழித்துவிடுங்கள். மீதி இருப்பதுதான் ஊருடைய குரல். கழித்ததையும் தூக்கிப் போட வேண்டாம். 'மேலிருந்து வந்தது', 'ஊரிலிருந்து வந்தது' என்ற விகிதமே ஒரு கண்டுபிடிப்பு.

வருகைப் பதிவேட்டில் கவனிக்க வேண்டியது குறைவெண், அதாவது கூட்டம் செல்லுபடியாகக் குறைந்தது எத்தனை பேர் வர வேண்டும் என்பது. மக்கள்தொகை 500 வரை 50 பேர், 501 முதல் 3,000 வரை 100, 3,001 முதல் 10,000 வரை 200, அதற்கு மேல் 300. 3,000 பேர் உள்ள ஊராட்சிக்கு இது 3.3 சதவீதம், 15,000 பேர் உள்ள ஊராட்சிக்கு வெறும் 2 சதவீதம். குமரியில் ஊராட்சிகள் நெருக்கமானவை, மக்கள்தொகை மிகுந்தவை. '300 பேர் வந்தார்கள்' என்ற எண்ணை மட்டும் வைத்துப் பெரிய ஊராட்சியைப் பாராட்டக் கூடாது. வந்தவர்களை வாக்காளர் எண்ணிக்கையால் வகுத்து எழுதுங்கள்.

கையொப்ப எண்ணிக்கை எல்லா ஊரிலும் குறைவெண்ணைத் தொட்டாற்போல 203, 207, 302 என்று நின்றால், அங்கே அளக்கப்பட்டது வருகை இல்லை, விதி. வேலை உறுதித் திட்டப் பணியாளர்களை வைத்தே எண்ணிக்கை நிரம்புவதும் உண்டு. அந்த வாரத்து வேலை வருகைப் பட்டியலையும் சபைப் பதிவேட்டையும் பக்கத்தில் வைத்தால் தெரிந்துவிடும். இப்படி நிரம்பினால் அது போலி வருகை என்று எழுதிவிடவும் கூடாது. அந்தப் பெண்கள் உண்மையாகவே வந்து உட்கார்ந்திருப்பார்கள். பேசினார்களா என்பதுதான் கேள்வி. அதைப் பதிவேடு சொல்லாது. நேரில் உட்கார்ந்து யார், எத்தனை நிமிடம், எதைப் பற்றிப் பேசினார் என்று குறித்தால்தான் வரும்.

#5 பழையாறு

கழிக்க வேண்டிய பொருள்கள் என்பது பெரிய திருத்தம், நன்றி அண்ணாச்சி. காலத்தையும் மேல்புறம் சொன்னபடி மாற்றிக்கொள்கிறேன்.

பதிவேட்டின் நகலை எப்படிக் கேட்பது? 12 ஊராட்சிக்கும் ஒரே மனுவாகப் போடலாமா?

#6 தோவாளை

வேண்டாம். ஒரு மனு, ஓர் ஊராட்சி. ஒன்றாகக் கட்டினால் ஒரு அலுவலகம் தாமதித்தாலும் மொத்தமும் நிற்கும்.

மனு போடுவதற்கு முன் ஊராட்சி அலுவலகத்துக்கு நேரில் போய் ஊராட்சிச் செயலரிடம் கேளுங்கள். கல்லூரிக் கடிதத்தோடு மரியாதையாகக் கேட்டால் பல இடங்களில் அங்கேயே பார்க்கக் கிடைக்கும். கிடைக்காத இடத்துக்குத் தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005. பிரிவு 6(1)-ன் கீழ் மனு, 10 ரூபாய்க்கு நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டினால் போதும். பெறுநர்: பொதுத் தகவல் அலுவலர், சம்பந்தப்பட்ட ஊராட்சி ஒன்றியத்தின் வட்டார வளர்ச்சி அலுவலகம். அலுவலகம் மாறிப்போனால் 6(3)-ன் கீழ் ஐந்து நாளுக்குள் உரிய இடத்துக்கு மாற்றி அனுப்ப வேண்டியது அவர்கள் கடமை. விரைவு அஞ்சலில் அனுப்பி, சேர்ந்ததற்கான சான்றை வைத்துக்கொள்ளுங்கள், 30 நாளை மனு போய்ச் சேர்ந்த நாளிலிருந்துதான் எண்ண வேண்டும்.

வாசகம் இப்படி இருக்கட்டும்: '… ஊராட்சியில் 2.10.2023 அன்று நடைபெற்ற கிராம சபைக் கூட்டத்தின் தீர்மானப் பதிவேட்டுப் பக்கங்களின் சான்றிட்ட நகல்.' இதே வரி ஒவ்வொரு தேதிக்கும். 'ஏன் குடிநீர்க் கோரிக்கை நிறைவேற்றப்படவில்லை?' என்று எழுதினால் அது விளக்கம் கேட்பது, ஆவணம் கேட்பது ஆகாது என்று திரும்பி வரும். 'அந்தக் கோரிக்கை மீது எடுக்கப்பட்ட நடவடிக்கைக் கோப்பின் நகல்' என்று கேட்டால் அது ஆவணம்.

இன்னொரு தப்பு: 'ஐந்து ஆண்டுத் தீர்மானங்களைத் துறைவாரியாகத் தொகுத்துத் தருக.' இருக்கிற ஆவணத்தைத்தான் தருவார்கள், புதிதாகத் தொகுத்துத் தர வேண்டிய கடமை இல்லை. அளவு பெரிது என்று 7(9)-ஐக் காட்டுவார்கள். அந்தப் பிரிவு கேட்ட வடிவத்தை மாற்றித் தர இடம் தருகிறது, மறுக்க இடம் தரவில்லை. அப்போது 2(ஜே)-ன் கீழ் நேரில் ஆய்வு செய்ய அனுமதி கேளுங்கள். முதல் ஒரு மணி நேரத்துக்குக் கட்டணம் இல்லை. பழகிய கண்ணுக்கு அந்த ஒரு மணி நேரத்தில் பத்துக் கூட்டத்தின் 'இதர பொருள்' பகுதியைப் படித்துக் குறிக்க முடியும்.

நகலுக்குப் பக்கம் 2 ரூபாய். 12 ஊராட்சி, 10 கூட்டம், கூட்டத்துக்கு 15 பக்கம் என்று வைத்தால் 1,800 பக்கம், 3,600 ரூபாய். பதில் வராவிட்டால் 30 நாள் கழித்து 19(1)-ன் கீழ் முதல் மேல்முறையீடு, அதற்கு நீங்கள் எடுத்துக்கொள்ள 30 நாள். உரிய காலம் தாண்டித் தந்தால் 7(6)-ன்படி நகல் கட்டணம் வாங்கக் கூடாது. மேல்முறையீட்டில் அதையும் ஒரு வரி எழுதுங்கள். ஆய்வுக் கால அட்டவணையில் இதற்கு நாலு மாதம் ஒதுக்கி வையுங்கள்.

வருகைப் பதிவேட்டின் நகலைக் கேட்காதீர்கள். பெயரும் கையொப்பமும் தனிநபர் விவரம் என்று 8(1)(ஜே) காட்டி மறுக்க வாய்ப்பு அதிகம். உங்களுக்கு வேண்டியது எண்ணிக்கைதான், அது தீர்மானப் பக்கத்திலேயே இருக்கும்.

#7 குளச்சல் கரை

நீங்கள் எல்லாரும் ஊராட்சியைப் பற்றியே பேசுகிறீர்கள். இந்த மாவட்டத்தில் எத்தனை பேர் கிராம சபைக்குள் வருகிறார்கள் என்பதையே யாரும் கேட்கவில்லை.

2011 கணக்கெடுப்பில் குமரி மாவட்ட மக்கள்தொகை 18,70,374. அதில் 82 சதவீதத்துக்கு மேல் நகர்ப்புறம். நாகர்கோவில் மாநகராட்சி, நகராட்சிகள், ஐம்பதுக்கும் மேற்பட்ட பேரூராட்சிகள். பேரூராட்சியில் கிராம சபை கிடையாது. நகர்ப்புற உள்ளாட்சிகளில் பகுதி சபை முதன்முதலில் கூடியதே 2022 நவம்பர் 1-ல்தான். ரப்பர்த் தோட்டமும் தென்னந்தோப்பும் குளமும் உள்ள ஊர், பார்வைக்குக் கிராமம், ஆனால் சட்டப்படி பேரூராட்சி. அங்கே ஒருவர் எழுந்து நின்று கேட்க நெடுங்காலம் இடமே இல்லை.

இதில் ஒரு பள்ளமும் இருக்கிறது. கணக்கெடுப்பு 'நகரம்' என்று சொல்வதெல்லாம் நகர்ப்புற உள்ளாட்சி அல்ல. 5,000 பேர், சதுர கிலோமீட்டருக்கு 400 பேர், ஆண் உழைப்பாளரில் நாலில் மூன்று பங்கு விவசாயம் அல்லாத வேலை: இந்த மூன்றும் இருந்தால் ஊராட்சியாகவே நிர்வகிக்கப்படும் ஊரையும் 'கணக்கெடுப்பு நகரம்' என்று நகரப் பக்கத்தில் சேர்த்துவிடுவார்கள். அங்கே கிராம சபை உண்டு. ஆகவே நூறிலிருந்து 82-ஐக் கழித்து '18 சதவீதத்துக்கே கிராம சபை' என்று எழுதினால் தவறு. மாவட்டக் கணக்கெடுப்புக் கையேட்டில் ஊர்வாரிப் பட்டியலை எடுத்து, ஊராட்சிப் பட்டியலோடு ஒவ்வொன்றாக ஒத்துப் பாருங்கள்.

அடுத்தது கரை. நாற்பதுக்கும் மேற்பட்ட கடற்கரை ஊர்களில் விளக்கு, தண்ணீர், தூண்டில் வளைவு (கடலரிப்பைத் தடுக்கும் கல் வளைவு), அலைத்தடுப்புச் சுவர் பற்றிய பேச்சு முதலில் நடக்கிற இடம் பங்குப் பேரவை, அதாவது ஊர்த் தேவாலயத்தின் மன்றம். கோரிக்கை அங்கே உருவாகி, பங்குத்தந்தையின் கடிதத் தாளில் ஆட்சியரிடமோ மீன்வளத் துறையிடமோ போகும். கிராம சபைப் புத்தகத்தில் அதன் தடமே இருக்காது. அதைப் பார்த்துவிட்டுக் 'கடற்கரை மக்களுக்குக் குடிமை ஈடுபாடு குறைவு' என்று எழுதப்பட்டால் அது பெரிய அநியாயம். ஒக்கியில் காணாமல்போனவர்களைப் பெயர்பெயராக, வள்ளம்வள்ளமாகப் பங்குவாரியாகப் பட்டியல் எடுத்தவர்கள் இந்த ஊர்க்காரர்கள். அரசு சொன்ன எண்ணும் அந்தப் பட்டியல்களும் பல வாரங்கள் ஒத்துப்போகவில்லை. அந்தக் காலச் செய்திகளைக் குறிக்கிறவர் எண் பக்கத்தில் தேதியும் சொன்னவர் யார் என்பதும் இல்லாமல் ஒரு எண்ணையும் ஏற்றக் கூடாது.

வீட்டு ஆய்வும் செய்வதாக இருந்தால் நாள் பார்த்து வாருங்கள். மீன்பிடித் தடைக்காலம் இந்த ஒரு மாவட்டத்திலேயே இரண்டு. சின்னமுட்டம் பக்கம் கிழக்குக் கரைக் கணக்கு, ஏப்ரல் 15 முதல் ஜூன் 14. முட்டம், குளச்சல், தேங்காய்ப்பட்டணம் பக்கம் மேற்குக் கரைக் கணக்கு, ஜூன் 1 முதல் ஜூலை 31. தூத்தூர்ப் பக்கத்து ஆழ்கடல் தொழிலாளர்கள் வாரக் கணக்கில் கடலில் இருப்பவர்கள். ஜூன், ஜூலை தவிர எப்போது போனாலும் உங்கள் மாதிரியில் அந்த ஊர் ஆண்கள் இருக்க மாட்டார்கள். மலையோரத்தில் ரப்பர் வெட்டுகிறவர்களைக் காலையில் தேடாதீர்கள், மதியத்துக்குமேல் போங்கள். மேற்கே ஞாயிறு காலை எந்த வீட்டுக் கதவும் திறந்திருக்காது.

#8 வள்ளியாறு

குளச்சல் கரை சொன்னதை ஏற்றால் அளக்கும் அலகையே மாற்ற வேண்டும். செய்தியும் வேண்டாம், தீர்மானமும் வேண்டாம். அலகு 'கோரிக்கை'யாக இருக்கட்டும். 'இன்ன ஊர் இன்ன தெருவுக்கு இன்னது வேண்டும்' என்பது ஒரு வரிசை. அது சபையில் வந்ததா, பேரவைக் கடிதத்தில் வந்ததா, திங்கள் மனுவில் வந்ததா, செய்தியில் வந்ததா என்பவை அந்த வரிசையின் கட்டங்கள். ஒவ்வொரு கட்டத்திலும் ஆம், இல்லை போடாதீர்கள், தேதி போடுங்கள். தேதி இருந்தால் எது முந்தியது என்று பின்னால் எப்போதும் கேட்கலாம். ஆம் இல்லை மட்டும் இருந்தால் கேட்க முடியாது.

அடுத்து, குறியீடு இடுகிற இருவரின் ஒப்புதல். 'நூற்றுக்குத் தொண்ணூறு ஒத்தது' என்று எழுதி முடித்துவிடுவது நம் துறைகளில் தீராத நோய். ஒரு கணக்கைப் பாருங்கள். 200 செய்திகள். கேள்வி: நிர்வாகத்தின் பதில் செய்தியில் இருக்கிறதா? இருவருமே 'இல்லை' என்றது 170. இருவருமே 'உண்டு' என்றது 10. முதலாமவர் மட்டும் 'உண்டு' என்றது 10, இரண்டாமவர் மட்டும் 'உண்டு' என்றது 10. ஒத்தது 180, அதாவது 90 சதவீதம். ஆனால் இருவரும் பத்தில் ஒன்றுக்குத்தான் 'உண்டு' போடுகிறவர்கள். கண்ணை மூடிக்கொண்டு போட்டாலும் 0.9 × 0.9 + 0.1 × 0.1 = 0.82 அளவுக்கு ஒத்துவிடும். தற்செயலைக் கழித்தால் (0.90 − 0.82) ÷ (1 − 0.82) = 0.44. இதுதான் கோஹன் கப்பா. இதேபோன்ற இன்னொரு அளவான கிரிப்பன்டார்ஃப் ஆல்ஃபா போட்டாலும் ஏறக்குறைய அதே எண். 0.80 வேண்டும், தற்காலிக முடிவுக்கு 0.667-க்குக் கீழே போகக் கூடாது என்பது வழக்கம். அரிதாக வருகிற விஷயத்தைத்தான் நீங்கள் தேடுகிறீர்கள். ஒருவராவது 'உண்டு' என்ற 30 செய்தியில் 20-ல் இருவரும் சண்டை என்றால் அந்தக் கேள்விக்கு உங்களிடம் தரவு இல்லை என்று பொருள்.

ஆட்களைத் திட்டிப் பயனில்லை, விதியை எழுத வேண்டும். 'ஆட்சியர் ஆய்வு செய்தார்' என்பது பதிலா? 'நடவடிக்கை எடுக்கப்படும் என அதிகாரிகள் தெரிவித்தனர்' என்பது பதிலா? என் வாக்கு: பதவிப் பெயரோ துறைப் பெயரோ சொல்லி, செய்ய வேண்டியது இன்னது என்று குறிப்பிட்டால்தான் பதில். முதல் 50 செய்தியைக் குறித்து, ஒப்பிட்டு, விதியைத் திருத்தி, வேறு 50-ல் மறுபடி சோதியுங்கள். அதே 50-ல் சோதித்தால் மனப்பாடம்தான் சோதிக்கப்படும்.

#9 முஞ்சிறை

தேடல் சொற்களைப் பற்றி. இணையப் பதிப்புகளில் சொல் தேடி எடுப்பதாக இருந்தால் சில எச்சரிக்கைகள்.

'சபை' என்று தேடினால் திருச்சபையும் சட்டசபையும் கொட்டும், இந்த மாவட்டத்தில் முன்னதே அதிகம். 'கிராம சபை', 'கிராமசபை', 'கிராம சபா' மூன்றையும் போடுங்கள். 'ஊராட்சி' என்று தேடினால் பேரூராட்சியும் ஊராட்சி ஒன்றியமும் மாவட்ட ஊராட்சியும் சேர்ந்து வரும். ஊர்ப் பெயர்கள்: திருவட்டார், திருவட்டாறு, முஞ்சிறை, முன்சிறை. கொல்லங்கோடு என்றால் பாலக்காட்டுக் கொல்லங்கோடும் வரும். 'குமரி' மட்டும் போட்டால் குமரி அனந்தன் செய்திகளும் அணிவகுக்கும். ஒவ்வொரு சொல்லுக்கும் வந்ததில் எத்தனை பொருந்தியது, கையால் புரட்டிக் கண்டதில் எத்தனையைத் தேடல் விட்டது என்ற இரண்டு எண்ணும் ஆய்வேட்டில் இருக்க வேண்டும். இரண்டாவதை யாரும் போடுவதில்லை, அதுதான் முக்கியம்.

ஊராட்சிகள் கணினியில் தரும் கோப்புகள் வானவில், பாமினி போன்ற பழைய எழுத்துருவில் இருந்தால் திரையில் தமிழாகத் தெரியும், தேடினால் ஒன்றும் அகப்படாது. முதலில் ஒருங்குறிக்கு (யூனிகோடு) மாற்றுங்கள். மாற்றியதில் கொம்பும் காலும் இடம் மாறியிருக்கிறதா என்று இருபது வரி வாசித்துப் பாருங்கள். கையெழுத்துப் பதிவேட்டுக்கு எழுத்துணரி (படத்திலுள்ள எழுத்தை உரையாக்கும் மென்பொருள்) உதவாது, தட்டச்சுதான். அச்சு நாளிதழை வருடுவதென்றால் அங்குலத்துக்கு 300 புள்ளி அடர்த்திக்குக் குறையக் கூடாது, பத்தி பத்தியாக வெட்டிக் கொடுக்க வேண்டும். முழுப் பக்கத்தையும் கொடுத்தால் பக்கத்துப் பத்தியின் வரி இதில் ஏறிவிடும்.

பழைய இதழ்களை நூலகங்கள் நெடுநாள் வைத்திருப்பதில்லை, எடைக்குப் போய்விடும். இணைய இதழ்களும் நிலையானவை அல்ல. எடுக்கிற அன்றே பக்கத்தைச் சேமித்து, கோப்புப் பெயரில் நாளிதழ், தேதி, பக்க எண் போட்டுவிடுங்கள்.

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், யாராவது பின்னோக்கி நீட்டினால் உதவும். 1956 நவம்பர் 1-க்கு முந்தைய நிர்வாக ஆவணங்களில் பெரும்பகுதி திருவனந்தபுரத்தில்தான். பல மலையாளத்தில், கொல்லம் ஆண்டில். அதை ஆங்கில ஆண்டாக்க, சிங்கம் (நம் ஆவணி) முதல் டிசம்பர் வரை 824, ஜனவரி முதல் அடுத்த சிங்கத்துக்கு முன்பு வரை 825 கூட்ட வேண்டும். எல்லாவற்றுக்கும் 825 கூட்டி ஓராண்டு தள்ளிப்போன கட்டுரைகள் உண்டு.

#10 மேல்புறம்

செய்தியின் வாசகத்தையும் அருகில் வைத்துப் பாருங்கள். கடைசி வரி வழக்கமாக இது: 'எனவே சம்பந்தப்பட்ட அதிகாரிகள் உடனடியாக நடவடிக்கை எடுக்க வேண்டும் எனப் பொதுமக்கள் கோரிக்கை விடுத்துள்ளனர்.' சம்பந்தப்பட்டவர் யார்? பொதுமக்கள் யார்? இரண்டு முனையிலும் பெயர் இல்லை. கேட்டவரும் தெரியாமல், கேட்கப்பட்டவரும் தெரியாமல் ஒரு கோரிக்கை அச்சாகிறது. இதற்கு ஒரு கட்டம் ஒதுக்குங்கள்: யாரிடம் கேட்கப்பட்டது? பதவி குறிப்பிட்டது, துறை மட்டும், 'அதிகாரிகள்', யாரும் இல்லை என நாலு நிலை.

அதோடு, சரியான இடத்தில் கேட்கப்பட்டதா என்பதும். சாலை ஊராட்சியுடையதா, ஒன்றியத்துடையதா, நெடுஞ்சாலைத் துறையுடையதா? குளம் நீர்வளத் துறையுடையதா, ஊராட்சியுடையதா? தெருவிளக்கு ஊராட்சி, மின்கம்பம் மின்வாரியம். கூட்டுக் குடிநீர்த் திட்டக் குழாய் குடிநீர் வடிகால் வாரியம், தெருக் குழாய் ஊராட்சி. கோரிக்கை செத்துப்போவதற்கு நிர்வாகத்தின் அலட்சியம் மட்டும் காரணம் இல்லை. விலாசம் தவறிய கோரிக்கையை ஒவ்வொரு அலுவலகமும் 'எங்களுடையது இல்லை' என்று நேர்மையாகவே திருப்பிவிடும். சரியான விலாசத்தை அச்சிட்டுச் சொல்கிற செய்தி ஊருக்கு உண்மையான உதவி.

அரசுச் செய்திக்குறிப்பு அப்படியே வருவதையும் பிரியுங்கள். மூன்று நாளிதழிலும் ஒரே நாளில் ஒரே சொற்றொடர் இருந்தால் மக்கள் தொடர்பு அலுவலகத்தின் குறிப்போடு ஒத்துப் பாருங்கள். மூன்று செய்தி என்று எண்ணாதீர்கள், ஒரே குறிப்பு மூன்று இடத்தில்.

பிறகு உங்கள் கடைசிக் கேள்வி, 'செய்தியானால் வேலை சீக்கிரம் நடக்கிறதா'. இதில் ஜாக்கிரதை. சாலை மறியல் நடந்தால் செய்தியும் வரும், வேலையும் நடக்கும். வேலையை நடத்தியது மறியல், செய்தி கூடவே வந்தது. இன்னொரு வகை: நிர்வாக அனுமதி கிடைத்து, பணி ஆணை வரப்போகிற நேரத்தில் உள்ளூர்ப் பிரமுகர் 'கோரிக்கை' வைத்து அதைச் செய்தியாக்குவார். பத்து நாளில் வேலை தொடங்கும். உங்கள் அட்டவணையில் அது செய்தியின் வெற்றியாகத் தெரியும். எனவே முடிந்த வேலைகளுக்கு நிர்வாக அனுமதித் தேதி, பணி ஆணைத் தேதி, எம்-புக்கில் (முடிந்த பணியை அளந்து பதியும் புத்தகம்) முதல் அளவு பதிந்த தேதி மூன்றையும் கேளுங்கள். அனுமதி செய்திக்கு முந்தியது என்றால் அந்த வரிசை தனிக் கட்டுக்குப் போக வேண்டும். செலவு நடந்ததா என்பதை இ-கிராம்ஸ்வராஜ் தளத்தில் ஊராட்சிவாரியாகச் சரிபார்க்கலாம்.

#11 பழையாறு

மாற்றிய வடிவம்:

அலகு கோரிக்கை. காலம் 2022 நவம்பர் 1 முதல் 2024 அக்டோபர் 2 வரை. 12 ஊராட்சிகளை ஒன்றியக் கணக்கில் எடுக்காமல் கரை, நடுநிலம், மலையோரம் என்று மூன்றாகப் பிரித்து நான்கு நான்காக. கடற்கரை நாலுக்கும் பங்குப் பேரவையின் கடிதப் பிரதிகளை, அவர்கள் சம்மதித்தால், ஒரு மூலமாகச் சேர்ப்பது. ஒரே வாசகப் பொருள்களைக் கழிப்பது. விலாசக் கட்டம், மூன்று அனுமதித் தேதிகள், செய்திக்குறிப்புக் கட்டம் சேர்ப்பது.

வீட்டு ஆய்வு பற்றி ஒரு சந்தேகம். 384 பேர் போதுமா?

#12 வள்ளியாறு

384 என்பது முழுப் பட்டியலிலிருந்து நேரே குலுக்கி எடுத்தால் (95 சதவீத நம்பிக்கை, கூட்டவோ குறைக்கவோ 5). நீங்கள் ஊராட்சியைத் தேர்ந்தெடுத்து அதற்குள் வீடு எடுக்கிறீர்கள். ஒரே வார்டுக்காரர்கள் ஒரே குழாயில் தண்ணீர் பிடிக்கிறவர்கள், பதிலும் ஒன்றுபோல இருக்கும். குறைந்தது ஒன்றரை மடங்கு வேண்டும், 576. ஊராட்சிக்கு இரண்டு வார்டு, வார்டுக்கு 24 வீடு என்றால் சரியாக வரும். வாக்காளர் பட்டியலை அடிப்படையாக எடுத்தால் வளைகுடாவிலும் கேரளத்திலும் இருப்பவர்கள் பெயரும் அதில் இருக்கும். ஆள் இல்லாத வீட்டுக்குப் பதிலாகப் பக்கத்து வீட்டை எடுக்காதீர்கள். மூன்று முறை போயும் இல்லை என்றால் 'இல்லை' என்று குறித்து, அந்த எண்ணிக்கையை வெளியிடுங்கள். குமரியில் அந்த எண்ணே பல விஷயம் பேசும்.

'கிராம சபைக்குப் போவதுண்டா?' என்று கேட்காதீர்கள், எல்லாரும் உண்டு என்பார்கள். 'கடைசியாகப் போன கூட்டம் எந்த இடத்தில் நடந்தது, அங்கே யாராவது எதையாவது கேட்டார்களா, அது என்ன?' என்று கேளுங்கள். மூன்றாவது பதிலைத் தீர்மானப் புத்தகத்தோடு ஒத்துப் பார்க்கலாம்.

#13 குளச்சல் கரை

ஒரு சொல். பேரவைக் கடிதங்களைக் கேட்கப் போகும்போது ஆய்வேட்டில் ஊர்ப் பெயர் வராது என்று வெறும் வாய்வார்த்தை தராதீர்கள். மாவட்டம் சிறிது, 'மேற்குக் கரையில் துறைமுகம் அருகே உள்ள ஓர் ஊர்' என்று எழுதினால் எந்த ஊர் என்று படிக்கிற எல்லாருக்கும் தெரியும். வெளியிடும் முன் அந்த ஊர் பற்றிய பக்கங்களைத் தமிழில் அவர்களிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள். ஆங்கில ஆய்வேடு முடிந்த பிறகு ஒரு பிரதி கொண்டுபோய்க் கொடுப்பது இதற்கு ஈடாகாது.

மதக்கலவரம், தகராறு பற்றிய செய்திகள் மாதிரியில் விழுந்தால் நாளிதழ் 'இரு தரப்பினர்' என்று எழுதியதை 'இரு தரப்பினர்' என்றே குறியுங்கள். ஊர்ப் பெயரை வைத்து எந்தச் சமூகம் என்று ஊகித்து ஒரு கட்டத்தை நிரப்ப வேண்டாம். 1982 மண்டைக்காட்டுக் கலவரத்தைத் தாங்கிய மாவட்டம் இது.

#14 தோவாளை

தொடங்குவதற்கு முன் ஒரே ஓர் ஊராட்சியை முழுதாக ஓட்டிப் பாருங்கள் தம்பி. பத்துக் கூட்டத்தின் பதிவேடு, மூன்று நாளிதழின் 450 இதழிலும் அந்த ஊர்ப் பெயர், ஒன்றிய அலுவலகத்தின் பணிப் பட்டியல். சுமாராக முப்பது, நாற்பது கோரிக்கை தேறும். அவற்றில் எத்தனைக்கு எல்லாக் கட்டத்திலும் தேதி கிடைக்கிறது என்று பாருங்கள். பாதிக்குக் கிடைக்கவில்லை என்றால் 12 ஊராட்சியை 6 ஆக்கிக்கொண்டு ஆழமாகத் தோண்டுங்கள். அந்த முதல் ஊராட்சியின் பட்டியல் தயாரானதும் பெயர்களை நீக்கிவிட்டு இங்கே போடுங்கள், கட்டங்களைச் சேர்ந்து பார்ப்போம்.